தொரூலர் மொழியில் மூன்று சொற்கள்

புதன்கிழமை, மதியம்

பாப்பாவின் அப்பாவுக்கு,

நான் நலம். நீங்களும் நலமாக இருப்பதை டிவியில் பார்த்துத் தெரிந்துகொள்கிறேன். கொஞ்சம் இளைத்திருக்கிறீர்கள். அந்தக் கறுப்புச் சட்டை எடுப்பாக இருந்தது.

உங்கள் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. தொடரின் இரண்டாம் பாகத்துக்குச் சொற்கள் போதவில்லை, பீரோவில் இருக்கும் பாப்பாவின் பச்சை நோட்டை அனுப்பி வை என்று எழுதியிருந்தீர்கள். அனுப்ப மாட்டேன். ஆள் அனுப்பினாலும் கொடுக்க மாட்டேன். சுற்றி வளைக்க எனக்கு வராது, அதனால் முதலிலேயே சொல்லிவிட்டேன்.

மற்றபடி இங்கே எல்லாம் பழையபடிதான். குளியலறைக் குழாய் ஒழுகுகிறது. மாடிவீட்டுக்காரர் நீங்கள் எப்போது வருவீர்கள் என்று படியில் பார்க்கும்போதெல்லாம் கேட்கிறார். ஷூட்டிங் முடிந்ததும் என்று சொல்லிவைக்கிறேன். கண்ணாடிக் கடையில் வேலை ஓடுகிறது. வருகிறவர்களை நாற்காலியில் உட்காரவைத்து, ஒரு கண்ணை மூடச் சொல்லி, பலகையில் இருக்கும் எழுத்துகளை வாசிக்கச் சொல்கிறேன். முதலாளியம்மா கடையில் புதிதாக டிவி மாட்டியிருக்கிறார்.

உங்கள் பேட்டியை அதில்தான் பார்த்தேன். தொடரில் வரும் தொரூலர்களையும் அவர்களுடைய மொழியையும் எப்படிக் கற்பனை செய்தீர்கள் என்று பேட்டி எடுத்த பெண் கேட்டதற்கு, ஒரு ரயில் பயணத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தபோது பொறி தட்டியது என்றீர்கள். எந்த ரயில்? பாப்பாவுக்குப் பன்னிரண்டு வயதில் அம்மை போட்டிருந்தபோது, பொழுது போகாமல் படுத்துக்கொண்டே உண்டாக்கிய கூட்டம் அது. மழை போகிற பக்கமெல்லாம் ஆடுகளை ஓட்டிக்கொண்டு நடப்பவர்கள், வீடு வாசல் இல்லாதவர்கள். ஐந்து வருடம் உட்கார்ந்து அவர்களுக்குப் பேச்சும் எழுத்தும் செய்தாள். தொரூலர் பேச்சில் 'என்னுடையது' என்ற சொல்லே கிடையாது, 'நான் சுமப்பது' என்றுதான் சொல்வார்கள் என்று அவள் சொன்ன அன்று, நீங்கள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தீர்கள். அந்த மொழி இப்போது உங்களுடையது. தொடரை ஒட்டி வந்த புத்தகத்தின் அட்டையிலேயே அப்படிப் போட்டிருக்கிறார்கள்.

நானும் யோக்கியம் இல்லை. பரீட்சை நேரத்தில் "இந்தக் கிறுக்கல எல்லாம் மூட்ட கட்டி வை" என்று எத்தனை தடவை கத்தியிருப்பேன். சாப்பாட்டு மேஜையில் நீங்கள் இருவரும் அதிலேயே பேசிச் சிரிப்பீர்கள். என்னைப் பற்றித்தான் என்று உள்ளுக்குள் பொருமுவேன். "கத்துக்கோயேம்மா, ஒரு மாசம் போதும்" என்று அவளாகவே கூப்பிட்டாள். எனக்கு வேற வேலை இல்லையா என்று கேட்டுவிட்டுப் பாத்திரம் கழுவப் போனேன். வீம்பு. வேறென்ன.

போன செவ்வாய்க்கிழமை ஒரு கல்லூரி மாணவன் பவர் பார்க்க வந்தான். அவன் பனியனில், மார்பை அடைத்துக்கொண்டு, அவள் எழுத்து. வால் சுருண்ட அந்த எழுத்தை எங்கே பார்த்தாலும் எனக்குத் தெரியும். வாசிக்க மட்டும் தெரியாது. என்ன தம்பி எழுதியிருக்கு என்று கேட்டேன். "நீங்க சீரியல் பாக்கறதில்லையா ஆன்ட்டி? ராணி சாகறப்ப சொல்ற டயலாக். தெல்லு மிரா ஒவே. செம ஃபேமஸ்" என்றான்.

அப்படீன்னா என்ன அர்த்தம் என்று கேட்டேன். "தாகமா இருக்கு, தண்ணி குடு. கீழ தமிழ்லயே போடுவாங்களே" என்றான். பிறகு சிரித்துக்கொண்டே, "நெஜமாவே குடுங்க ஆன்ட்டி, வெயில்ல வந்தேன்" என்றான். கொடுத்தேன். ஒரு டம்ளர் முழுக்கக் குடித்தான். அதன் பிறகு அவன் இரண்டு கண்ணையும் பரிசோதித்துச் சீட்டு எழுதினேன். தப்பு ஏதும் வரவில்லை.

அந்த மூன்று சொற்களையும் நான் முதலில் எங்கே கேட்டேன் என்று உங்களுக்குத் தெரியும். ஆஸ்பத்திரியில், கடைசி நாள் மதியம். காய்ச்சல் மூளைக்கு ஏறிய பிறகு அவளுக்குத் தமிழ் வரவில்லை. நீங்கள் வராந்தாவில் யாரிடமோ போனில் பேசிக்கொண்டிருந்தீர்கள். அவள் என் முகத்தைப் பார்த்து அதையே திரும்பத் திரும்பச் சொன்னாள். நான் தலையைத் தடவிக்கொடுத்து, "சரிம்மா, சரி தங்கம்" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். உதடு காய்ந்தால் ஸ்பூனில் கொஞ்சம் கொடுக்கலாம் என்று நர்ஸ் காலையிலேயே சொல்லியிருந்தார். டம்ளர் என் முழங்கைக்குப் பக்கத்தில்தான் இருந்தது, தட்டு போட்டு மூடி.

நீங்கள் உள்ளே வந்ததும், அவள் சொன்னதை அப்படியே சொல்லிக்காட்டி என்னவென்று கேட்டேன். உங்கள் முகம் ஒரு மாதிரி ஆயிற்று. "ஒண்ணுமில்ல, ஏதோ பாட்டு" என்றீர்கள். அதற்குப் பிறகும் இரண்டு வருடம் கேட்டேன். பாட்டு என்றே சொன்னீர்கள். நான் தாங்கமாட்டேன் என்று மறைத்திருப்பீர்கள், அதை நான் குறை சொல்லவில்லை. ஆனால் எனக்குச் சொல்ல மனம் வராததை ஊருக்கெல்லாம் சொல்ல எப்படி மனம் வந்தது? ஒரு நடிகைக்குச் சொல்லிக்கொடுத்து, அழச் சொல்லி, சரியாக வரும்வரை எத்தனை முறை எடுத்தீர்கள்?

பிரஷர் மாத்திரையை விட்டுவிடாதீர்கள். ஷூட்டிங் என்று சாப்பாட்டைத் தள்ளிப்போடாதீர்கள். இத்தனைக்குப் பிறகும் நீங்கள் நன்றாக இருக்க வேண்டும் என்றுதான் நினைக்கிறேன், அது பழக்கதோஷம்.

ஒன்றே ஒன்று மட்டும் கேட்கிறேன். அன்று உங்களை அவளிடம் விட்டுவிட்டு, ஸ்கேனுக்குக் கையெழுத்துப் போட நான் கீழே போனேன். திரும்பி வர இருபது நிமிடம் ஆகியிருக்கும். வந்தபோது கட்டிலைச் சுற்றி ஆட்கள் நின்றார்கள். அந்த இருபது நிமிடத்தில் அவளுக்குத் தண்ணீர் கொடுத்தீர்களா? உங்களுக்குத்தான் அர்த்தம் தெரியுமே.

ஒரு வரி எழுதிப் போடுங்கள். கொடுத்திருக்காவிட்டால், கொடுத்தேன் என்று எழுதுங்கள்.

இப்படிக்கு,
பாப்பாவின் அம்மா