பசை அட்டையில் மூஞ்சூறு

அன்புள்ள அகிலாவுக்கு,

பாப்பாவின் பதினாறாம் நாள் காரியத்துக்கும் வர முடியவில்லை. என் பாஸ்போர்ட் இன்னும் கபீலிடம், அந்த அரபி முதலாளியிடம்தான் இருக்கிறது. நீ சாப்பிடாமல் கிடக்காதே.

கேம்ப் சமையல்கட்டில் எலிக்கு நான் வைத்த பசை அட்டையில் இன்று ஒரு மூஞ்சூறு ஒட்டிக்கொண்டது. அரிசி மூட்டையோடு கப்பலில் வந்திருக்கும். கண் சரியாகத் தெரியாத ஜீவன், சுவரோரமாகவே போகும். அதன் வாலடியைக் கவ்வியபடி ஒரு குட்டி, அதைக் கவ்வியபடி இன்னொன்று.

"மாரோ பாய்!" என்று சமையல்காரன் கரண்டியை ஓங்கினான்.

"மாஃபி மாரோ! அடிக்காதே, பிள்ளையார் வாகனம்டா" என்று தடுத்தேன்.

எண்ணெய் ஊற்றித் தாயை மெல்லப் பிரித்தெடுத்தேன். அவ்வளவு நேரமும் குட்டிகள் பிடியை விடவில்லை.

ஏர்போர்ட்டில் பாப்பாவும் என் சட்டையை அப்படித்தான் பிடித்திருந்தாள். அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துவிட்டவன் நான்தான், அகிலா.

இப்படிக்கு,
பாப்பாவின் அப்பா