பன்னிரண்டுக்கு முன் ஆமென்

அன்புள்ள நைனாவுக்கு, புத்தகயாவிலிருந்து ஆண்ட்ரூ எழுதுவது. கர்த்தர் கிருபையால் சுகமாயிருக்கிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்ததா?

பெரிய சேதி! நான் சமைத்துப் போடும் விகாரையின் தலைமைப் பிக்கு, பாலி நூல்களைத் தமிழாக்கிய பெரியவர், பதினான்காம் தேதி திருப்பதியில் பேச வருகிறார். மறுநாள் சித்தூரில் நம் வீட்டில்தான் சாப்பாடு! அவரே கேட்டார்.

போன வாரம் ஒரு கூத்து. பயப்படாதீர்கள், வேலை போகவில்லை. இங்கே பிக்குகள் நடுப்பகல் தாண்டினால் சாப்பிடமாட்டார்கள். அதற்கு முன்பும் யாராவது கையில் கொடுத்தால்தான் உண்டு. அன்று சமையல் முடியவே பதினொன்றே முக்கால். தட்டைப் பெரியவரிடம் நீட்டாமல், நம் வீட்டுப் பழக்கத்தில் கண்ணை மூடி ஜெபித்தேன். சபைக்கு, மழைக்கு, புத்தூரில் கட்டுப் போட்ட அத்தையின் காலுக்கு... கண்ணைத் திறந்தால் பன்னிரண்டு ஐந்து!

"ஐயோ சாமி, இன்னும் துன்னலியே! என்னை ஒரு அதட்டு போட்டிருக்கலாமே!"

"ஜெபத்தை நடுவில் எப்படி நிறுத்துவது?" என்று தன் புத்தகத் தமிழில் சிரித்தார். மறுநாள் காலைவரை அவருக்குத் தண்ணீர்தான். "யாரிடம் கற்றாய்?"

"எங்க நைனாகிட்ட. அவரு பண்ணா இன்னும் நீளம்."

"அவரைப் பார்க்கவேண்டுமே!"

அதனால் நைனா, பத்தரைக்கே ஜெபத்தை ஆரம்பித்துவிடுங்கள். கூட வரும் சீடரிடம் கோங்குரா ஊறுகாயும் என் பழைய போர்வையும் கொடுத்தனுப்புங்கள். எனக்கு லீவு கிடைக்கவில்லை.

மணி அடிக்கிறார்கள், ஓடுகிறேன். ஜெபத்தில் என் பெயர் வரும்போது மட்டும் அவசரப்பட வேண்டாம். அவர் காத்திருப்பார்.

உங்கள் மகன்,
ஆண்ட்ரூ