அரைக் கூடை

என் வீட்டுக்காரர் தாரூல் அவர்களுக்கு,

முதலில் கையிலிருக்கும் கூடையைக் கீழே வையுங்கள். வைத்தாயிற்றா? இப்போது ஏணிப் பக்கம் நடங்கள். மீதியை ஏறிக்கொண்டே படிக்கலாம். வணக்கமும் நலமும் இன்றைக்குக் கடைசியில்தான்.

பனித்தும்பை பூத்துவிட்டது. நேற்று விடியலில் வைத்தியர் கோர்பா செருப்புகூடப் போடாமல் மலையிலிருந்து ஓடிவந்தார். "பூத்துடுச்சு மீஷென்! பராக்குப் பாத்துக்கிட்டு நிக்காதே, உன் புருஷனுக்கு எழுது!" என்று கத்தினார். நம் பிள்ளையின் நோய்க்கு மருந்தாகும் சாற்றைப் பிழிந்து வைத்திருக்கிறார். ஒன்பது நாள் தாங்கும். நீங்கள் வெட்டும் மந்தக்கல்லின் பக்கத்தில் வைத்து அதன் நேரத்தையும் நிறுத்தலாமே என்று கேட்டேன். மந்தம் பட்டால் சாறு கெட்டுவிடுமாம். அடுத்த பூ இருபது ஆண்டு கழித்து.

மருந்து கிடைக்கும்வரை அவன் நேரம் நிற்கட்டும் என்று, மந்தக்கல் அடுக்கிய நம் ஒயூவின் அறைக் கதவை இருவரும் கை வைத்து மூடினோமே, நினைவிருக்கிறதா? உங்களுக்கு அறுபது நாள்தானே ஆகிறது, இருக்கும். மூடிய இரண்டு கைகளும் சேர்ந்து தொட்டால்தான் அந்த மந்தம் விலகும். எனக்கு இங்கே பதினைந்து ஆண்டு. நான் தனியாகவும் தொட்டுப் பார்த்திருக்கிறேன். ஒரு முறை அல்ல. திறக்கவில்லை.

உங்களை எனக்குத் தெரியாதா? "கூடை பாதிதான் ஆயிருக்கு, முடிச்சிட்டு ஏறுறேன்" என்பீர்கள். பாதிக் கூடையை நிரப்ப உங்களுக்கு மூன்று மணி நேரம். பள்ளத்தில் ஒரு மணி நேரம் என்றால் மேலே நான்கு நாள். ஏணி ஏறவே மேல் கணக்கில் இரண்டு நாள் போய்விடும். மிச்சக் கணக்கை நீங்கள் போட வேண்டாம், நானே பத்து முறை போட்டுவிட்டேன்.

அரைக் கூடையோடு ஏறுகிறவன் வீட்டில் பிள்ளை பாதியில் போகும் என்று ஊரே சொல்கிறது. உங்களுக்கு அந்தப் பயம் எலும்புவரை இருக்கிறது. போன பனிக்காலத்தில், உங்களைப் போலவே கல் வெட்டும் சேன்பூவின் பெண் இறந்துபோனாள். சேன்பூ ஒரு கூடையைக்கூடக் குறையாக விட்டவர் இல்லை. கூடையா காப்பாற்றியது? கல் இருப்பு ஒயூவின் அறைக்கு இன்னும் இருபது நாள் வரும். இனிமேல் ஒரு கல்லும் வேண்டாம்.

என் அப்பா போனபோதும் எழுதினேன். இந்தக் கூடை முடிந்ததும் வருகிறேன் என்று பதில் வந்தது. அது வந்த அன்று எல்லாச் சடங்கும் முடிந்து வீட்டைக் கழுவிவிட்டிருந்தோம். அப்போது கடிதம் இறக்கும் கயிற்றுக்கார ஜிம்பெய் என்னைப் பார்த்து, "அந்த ஆளு உன்னக் கட்டிக்கிட்டானா, கூடையக் கட்டிக்கிட்டானா?" என்று சிரித்தான். நானும் சிரித்தேன். அதற்காக உங்களைத் திட்டியதில்லை. இந்த முறை திட்டுவேன்.

ஒயூ அப்படியே இருக்கிறான். மருந்து கசக்கிறது என்று அழுதவனுக்கு நான் ஊட்டிய பேரிக்காய்த் துண்டு இன்னும் கன்னத்தில் உப்பிக்கொண்டிருக்கிறது. தினமும் கண்ணாடித் துளை வழியாகப் பார்க்கிறேன். அதை அவன் மென்று விழுங்குவதைப் பார்க்க வேண்டும். வேறு ஆசை எனக்கு இல்லை.

நேற்று நீங்கள் எழுதிய கடிதம், அதாவது எனக்குப் போன அறுவடையின்போது வந்தது, அதில் என் சடையை வெட்டிவிடாதே என்று கேட்டிருந்தீர்கள். வெட்டவில்லை. பாதி நரைத்துவிட்டது, அவ்வளவுதான். நீங்கள் இறங்கும்போது என்னைவிட ஐந்து வயது மூத்தவர். இப்போது நான் உங்களுக்குப் பத்து வயது மூத்தவள். பெரியவர்கள் சொன்னால் கேட்க வேண்டும்.

பள்ளத்தின் வாயில் நிற்பேன். இருபத்தாறு வயதுப் பெண்ணைத் தேடாதீர்கள். நீங்கள் இறங்கிய அன்று கட்டியிருந்த சிவப்புத் தலைத்துணியைக் கட்டியிருக்கிறேன். சாயம் போய்விட்டது, துணி அதுதான். எனக்கு ஒரு பயம் இருக்கிறது, சொல்லிவிடுகிறேன். மந்தம் விலகியதும் ஒயூ என்னைத் தெரியாமல் அழுவான். நீங்கள் மாறவில்லை, உங்களிடம் ஓடிவருவான். இவள்தான் உன் அம்மா என்று நீங்கள்தான் அவனுக்குச் சொல்ல வேண்டும்.

அதற்கு முன்னால் உங்களுக்கு என்னைத் தெரிய வேண்டும். முகத்தைப் பார்க்காதீர்கள், துணியைப் பாருங்கள்.

மலைத்தாய் உங்கள் கால்களைப் பிடித்துக்கொள்ளட்டும். ஏணியின் நடுப்படி ஈரமாக இருக்கும், பார்த்து ஏறுங்கள். கூடையை மட்டும் திரும்பிப் பார்க்காதீர்கள்.

வணக்கம். நலம் விசாரிப்பதை நேரில் வைத்துக்கொள்வோம்.

இப்படிக்கு,
மீஷென்