பையோடு வந்த வெள்ளைக் கொக்கி

அன்புள்ள மகள் இன்ஸ்பெக்டரம்மாவுக்கு அப்பா எழுதிக்கொள்வது. நலம், நலமறிய ஆவல் என்று தொடங்கத்தான் உட்கார்ந்தேன், முதல் நலத்திலேயே பேனா நின்றுவிட்டது. அதனால் நீ அங்கே முழு நலமாக இரு, இங்கே நாங்கள் எத்தனை பங்கு நலம் என்பதைக் கடைசிப் பக்கத்தில் சொல்கிறேன். அவசரப்பட்டு அதை முதலில் புரட்டாதே, அதில் என்ன எழுதப் போகிறேன் என்று எனக்கே இன்னும் தெரியாது. மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன் எழுத்து இது, ற வர வேண்டிய இடத்தில் ர வந்தால் நீயே ஆளை மாற்றி உட்கார வைத்துப் படித்துக்கொள். போனில் சொல்லலாம்தான். ஆனால் போனில் என் வாய் எதையும் சிரித்து மழுப்பிவிடும், முப்பது வருடமாக ஒழுகும் குழாய்க்கு அடியில் படுத்துக்கொண்டு வீட்டுக்காரர்களைச் சிரிக்க வைத்த வாய் அது. பேனாவுக்கு அந்தச் சாமர்த்தியம் கிடையாது. முடித்ததும் பக்கம் பக்கமாகப் படம் பிடித்து உனக்கு அனுப்புவேன்.

முதலில் ஒரு பொய்யைத் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை நீ கூப்பிட்டபோது அம்மா அசந்து தூங்குகிறாள் என்றேன். அவள் தூங்கவில்லை, வீட்டிலும் இல்லை. ஆஸ்பத்திரியில் ஜன்னலோரக் கட்டிலில் கண் திறந்தபடி யாரோடோ ஊசி நூல் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள், நான் மாடிப்படிக்கு அடியில் நின்று உன்னோடு சிரித்துக்கொண்டிருந்தேன். வழக்கம்போல அம்மா தண்ணி குடிக்கிறாங்களா, பை மாத்தினீங்களா, கையக் கழுவினீங்களா என்று விசாரணை நடத்தினாய், எல்லாவற்றுக்கும் ஆமா ஆமா என்றேன், அதில் ஒன்றுகூடப் பொய் இல்லை, அதுதான் வேடிக்கை. நீ கேட்காமல் விட்ட ஒரு கேள்வியில்தான் வினை உட்கார்ந்திருந்தது.

சனிக்கிழமை மத்தியானம் ஒரு பள்ளிக்கூடத்துத் தொட்டி வேலையை முடித்துவிட்டுச் சாப்பிட வந்தேன். முதுகில் கட்டியை எடுத்ததிலிருந்து அம்மாவுக்கு மூத்திரம் தானாக இறங்குவதில்லை, தொப்புளுக்கு நாலு விரல் கீழே துளை போட்டு மூத்திரப்பைக்குள்ளேயே குழாய் வைத்து இந்த மாதத்தோடு நாலு மாதம், அது உனக்குத் தெரியும். வந்ததும் முதலில் பையைப் பார்ப்பது என் வழக்கம். அந்த நேரத்துக்குப் பாதிக்கு மேல் இருக்க வேண்டியது கால் பைகூட இல்லை, இருந்ததும் சுண்ணாம்பைக் கரைத்த மாதிரி கலங்கி, திறக்காமலே நாற்றம். போர்வைக்குள் அவள் உடம்பு தூக்கித் தூக்கிப் போட்டது, பல் தந்தியடித்தது. என்னைப் பார்த்து, இன்னும் பட்டன் தைக்கலங்க, செவ்வாய்க்கிழமை வாங்க என்றாள். அவள் தையல் மெஷினைத் தொட்டு ரெண்டு வருஷமாகிறது. கிண்டல் பண்ணுகிறாள் என்று நினைத்து நானும், செவ்வாய்க்கிழமை வந்தா சட்டைக் கை ரெண்டும் ஒரே நீளமா இருக்குமா என்று கேட்டேன். அவள் சிரிக்கவில்லை. நீங்க யாரு வீட்டு ஆளு என்றாள். இருபத்தெட்டு வருஷக் குடித்தனத்தில் என்னை என்னென்னவோ சொல்லித் திட்டியிருக்கிறாள், யார் என்று கேட்டதில்லை. எதிர்வீட்டு வேன்காரரைக் கூப்பிட்டு அவளைப் போர்வையோடு தூக்கிக்கொண்டு ஓடினோம்.

காய்ச்சல் நூற்று மூன்றுக்கு மேல். டாக்டர் வயிற்றை அமுக்கிப் பார்த்து, பையைப் பார்த்து, குழாய் வழியா கிருமி ஏறியிருக்கு, ரத்தத்துக்கும் போயிடுச்சோன்னு சந்தேகமா இருக்கு என்றார். பழைய குழாயை உருவிப் புதுசு போட்டு, புதுக் குழாயில் வந்த மூத்திரத்தைப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். எந்தக் கிருமி, அது எந்த மருந்துக்குச் சாகும் என்று தெரிய மூன்று நாள் ஆகுமாம், அதுவரை குத்துமதிப்பாக ஒரு மருந்து ஏற்றினார்கள். எங்கள் தொழிலிலும் இது உண்டு, சுவருக்குள் எந்த இடத்தில் கசிகிறது என்று தெரியாவிட்டால் முதலில் மெயின் வால்வை மூடுவோம். ஆனால் சுவர் காத்திருக்கும், அவள் காத்திருப்பாளா என்று டாக்டரிடம் கேட்க வாய் வரை வந்தது, கேட்கப் பயந்து விழுங்கிவிட்டேன்.

அந்த வார்டில் ஒரு சிஸ்டர், சிரிப்பதற்குத் தனியாக லீவு போட வேண்டும் போல முகம். நோட்டை வைத்துக்கொண்டு, வீட்டில் எப்படிப் பார்க்கிறீர்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டார். முதல் மார்க் வாங்கப் போகிறவன் மாதிரி ஒப்பித்தேன். சோப்புப் போட்டுக் கை கழுவுவேன், துளையைச் சுற்றித் தினமும் கழுவித் துடைப்பேன், குழாயை மடங்க விடமாட்டேன், வாரா வாரம் புதுப் பை. பைய எங்க வைப்பீங்க என்றார். கீழதான் சிஸ்டர், நல்ல வாட்டமா வச்சிருக்கேன், நான் குழாய்க்காரன், தண்ணி இறங்குற வாட்டத்த எனக்குச் சொல்லித் தரணுமா என்றேன். கீழன்னா எங்க என்றார். தரையில, ஆனா வெறுந்தரையில இல்ல, ஒரு வெள்ளை டைல்ஸ் போட்டு அது மேல என்றேன். எழுதிக்கொண்டிருந்த பேனாவை மூடி வைத்துவிட்டார்.

மகளே, நாலு மாதத்துக்கு முன்னே வீட்டுக்கு அனுப்பும்போது வேறொரு சிஸ்டர் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது. பைய எப்பவும் கீழ வைங்க, மேல தூக்காதீங்க. சொன்னபடியே கீழே வைத்தேன். மூத்திரப்பைக்குக் கீழே என்ற அர்த்தத்தில் அவர் சொன்னதைத் தரை என்று நான் எடுத்துக்கொண்டேன். ஒரு சாமானைக் கீழே வை என்றால் நாம் எங்கே வைப்போம், நீயே சொல். தரையில் கிடக்கும்போது பையின் அடியில் இருக்கும் திறப்பு மூக்கு தரையில்தான் படும், குளியலறையைத் துடைத்த அதே மாப்பால் தினமும் அந்த டைல்ஸையும் துடைத்தேன், பளபளவென்று இருந்தது. அந்த வழியாத்தான் ஏறிச்சுன்னு அடிச்சுச் சொல்ல முடியாது, ஆனா குழாய் இருக்கிற உடம்புக்குத் தரை ஆகாதுங்க என்றார் சிஸ்டர். பிறகு, பையோட ஒரு வெள்ளைக் கொக்கி வருமே, அது எங்க என்றார். அது உதிரி என்று நினைத்திருந்தேன், வாஷர் வாங்கினால் ஒன்று கூட வரும் அல்லவா, அது மாதிரி. பதினாறு பை, பதினாறு கொக்கி, ஒன்றையும் வீணாக்கவில்லை. சாவிக்கு ஒன்று, துண்டுக்கு ஒன்று, என் அளவு டேப்புக்கு ஒன்று, கத்தரிக்கோலுக்கு ஒன்று, கட்டில் தலைமாட்டு ஜன்னல் கம்பியில் அம்மாவின் மூக்குக் கண்ணாடிக்கு ஒன்று. எதையும் தூக்கிப் போடாத மனுஷன் என்று அவளே மெச்சினாள். மாட்ட வேண்டியதை விட்டுவிட்டு வீட்டையே மாட்டி வைத்திருக்கிறேன்.

அப்போதே வீட்டோடு ஒரு நர்ஸ் வைக்கலாம்பா என்று நீ கெஞ்சினாய். ஊர்க் குழாயெல்லாம் பார்க்கிறவன் வீட்டுக் குழாயைப் பார்க்க ஆள் வைப்பானா என்று பெரிதாகச் சிரித்தேன், நீயும் கூடச் சிரித்தாய். அந்தச் சிரிப்பு மூன்று நாளாகத் தொண்டையில் மீன் முள் மாதிரி நிற்கிறது. இப்போது செவ்வாய்க்கிழமை காலை பத்து மணி. காய்ச்சல் இறங்குவதுபோல் போக்குக் காட்டி மறுபடி ஏறுகிறது. இன்றைக்குத்தான் பட்டன் தைத்துத் தருவதாகச் சொன்னாள், வாடிக்கைக்காரன் பெஞ்சில் காத்திருக்கிறேன். சற்று முன்னே கிட்டே போனேன், தள்ளி நில்லுங்க, வெளிச்சம் மறைக்குது என்றாள், அவ்வளவுதான். பதினொரு மணிக்கு ரிப்போர்ட் வரும் என்கிறார்கள்.

மணி பதினொன்றரை. வந்துவிட்டது. இதுவரை ஏற்றிய மருந்து அந்தக் கிருமியை ஒன்றும் செய்யாதாம். வேறு மருந்து தொடங்கிவிட்டார்கள். இதுக்காவது கேட்குமா டாக்டர் என்றேன். ரிப்போர்ட்ல கேட்கும்னு இருக்கு, உடம்பு என்ன சொல்லுதுன்னு ரெண்டு நாள் பார்ப்போம் என்றார். கை வியர்த்து மை பரவுகிறது, இதற்குமேல் இன்று எழுத மாட்டேன்.

வியாழக்கிழமை. நேற்று சாயங்காலம் காய்ச்சல் நூறுக்கு வந்தது, ஆனால் அவள் வாய் திறக்கவில்லை, கண்ணை மூடியபடியே கிடந்தாள். பேசினாலும் பயம், பேசாவிட்டாலும் பயம். சிஸ்டர் என்னிடம், வீட்டிலேர்ந்து ஒரு கொக்கி கொண்டுவந்து என் கண்ணு முன்னால மாட்டிக் காட்டுங்க, நீங்க தேறினாத்தான் அவங்கள உங்ககூட அனுப்புவேன் என்றார். இன்று காலை வீட்டுக்கு ஓடினேன், அவசரத்தில் கைக்கு எட்டியது தலைமாட்டுக் கொக்கிதான், கண்ணாடியை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு கொக்கியோடு திரும்பினேன். கட்டில் ஓரம் முட்டி போட்டு மாட்டினேன். பை மூத்திரப்பைக்குக் கீழே, தரைக்கு ஒரு சாண் மேலே, மூக்கு எதிலும் படாமல், குழாய் எங்கும் மடங்காமல். சிஸ்டர் குனிந்து நிமிர்ந்து பார்த்தார். குழாயில் இறங்கியது தெளிந்த மஞ்சள். அப்போது என் தலைக்கு மேலே ஒரு குரல், கம்மி, ஆனால் பழைய அதிகாரம். ஏங்க, அது என் கண்ணாடிக் கொக்கிதானே, கண்ணாடிய எங்க வச்சீங்க, தரையிலயா.

முட்டி போட்டவன் எழுந்திருக்கக் கொஞ்ச நேரம் ஆயிற்று. சிஸ்டர் லீவு போடாமலே சிரித்துவிட்டார். சட்டைப் பையிலிருந்த கண்ணாடியை அவள் மூக்கில் மாட்டிவிட்டு எல்லாவற்றையும் சொன்னேன், கீழே என்ற சொல்லையும் டைல்ஸையும் மாப்பையும் விடாமல். கேட்டுவிட்டு, நான் டைல்ஸ அழகுக்குப் போட்டிருக்கீங்கன்னு நினைச்சேன், குழாய்க்காரர் செஞ்சா சரியாத்தான் இருக்கும்னு கேட்கல என்றாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

மருந்து இன்னும் ஒரு வாரம் ஏற வேண்டும், முழுசாக மீண்டுவிட்டாள் என்று டாக்டர் இன்னும் சொல்லவில்லை, அதனால் நானும் சொல்லவில்லை. வீட்டுக் கட்டில் ரொம்பத் தாழ்வு, கால்களுக்கு அடியில் செங்கல் வைத்து உயர்த்தப் போகிறேன். மற்றபடி நீ சொன்ன ஆளை ஏற்பாடு செய் மகளே, வீட்டோடு வேண்டாம், வாரம் ஒருமுறை வந்து நான் செய்வதைப் பார்த்து என்னைத் திட்டிவிட்டுப் போகட்டும். குழாயை நான்தான் பார்ப்பேன், ஆனால் இனிமேல் என் மேலே ஒரு கண் வேண்டும். உன் விசாரணையில் பை எங்கே தொங்குகிறது என்ற கேள்வியைச் சேர்த்துக்கொள், ஆமா என்று நான் சொன்னால் நம்பாதே, படம் கேள். வேலை மும்முரத்தில் தண்ணீர் குடிக்க மறக்காதே, அது உனக்கும்தான். நோய் நொடி அண்டாமல், பொய் சொல்லும் அப்பன் வாய்க்கும் ஏமாறாமல் நீ நூறு வயசு நல்லா இருக்க வேண்டும். கடைசிப் பக்கம் வந்துவிட்டது. இங்கே முக்கால் நலம்.

இப்படிக்கு,
உன் அம்மாவின் குழாய்க்காரன்,
அப்பா