ஒன்பதாவது ஆட்டமும் அம்மாவின் மணிக்கட்டும்

நெப்ராஸ்கா,
1983 நவம்பர் 15

அன்புள்ள மார்லிஸ் அக்காவுக்கு,

இதனால் சகலமானவர்களுக்கும் அறிவிப்பது என்னவென்றால், அம்மாவின் வலது மணிக்கட்டு மாவுக்கட்டுக்குள் குடிபோய்விட்டபடியால், வாராவாரம் உனக்குக் கடிதம் எழுதும் உத்தியோகம் இன்றுமுதல் உன் தம்பி லைலிடம் ஒப்படைக்கப்பட்டிருக்கிறது. சொல்வது அம்மா, எழுதுவது நான். கட்டு கைக்குத்தான், வாய்க்கு இல்லை, அதனால் எழுதி மாளவில்லை. "முதல்ல எல்லாரும் நல்லா இருக்கோம்னு எழுதுடா, அப்புறம் கையைப் பத்தி எழுது, இல்லேன்னா அவ பயந்துடுவா" என்கிறாள். மேலே எழுதியாகிவிட்டது, என்ன செய்ய. நாங்கள் நலம். அலாஸ்கா பனியில் நீ நலமா, பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் சொன்ன பேச்சைக் கேட்கிறார்களா, இரண்டு ஜோடி காலுறை போடுகிறாயா என்று அம்மா கேட்கிறாள். ஒரு ஜோடிதான் என்றால் பொய் சொல்லிவிடு.

நம் கல்லூரி ஃபுட்பால் அணியின் கதையை அம்மா போன கடிதங்களில் மழுப்பியிருப்பாள். எட்டு ஆட்டம், எட்டிலும் தோல்வி. பந்தும் முட்டை, பலனும் முட்டை. ஒரு ஆட்டமாவது ஜெயிக்காவிட்டால் அடுத்த வருஷம் அணியே கிடையாது என்று கல்லூரித் தலைவர் அக்டோபரிலேயே அப்பாவிடம் சொல்லிவிட்டார். அணி இல்லையென்றால் கோச் எதற்கு, கோச் இல்லையென்றால் கல்லூரி கொடுத்த இந்த வீடு எதற்கு. உனக்கு எழுத வேண்டாம் என்று அப்பா சொல்லியிருந்தார். அவர் சாப்பாட்டு மேஜையில் உப்பு டப்பாவையும் மிளகு டப்பாவையும் ஆட்டக்காரர்களாக நிறுத்தி நகர்த்திக்கொண்டே இருப்பார், சாப்பாடு ஆறிப்போகும். "உங்க அப்பா எட்டு பவுண்டு இளைச்சுட்டார், ஒரு தோல்விக்கு ஒரு பவுண்டு" என்கிறாள் அம்மா.

இதில் என் பங்கைச் சொல்லியே ஆக வேண்டும். நான் முதல் வருஷக்காரன், பெஞ்சுக்குப் பாரம், வாஸ்தவம். ஆனால் ஒவ்வொரு முறை பந்தை எடுக்கும்போதும் என்ன ஆட வேண்டும் என்பதை அப்பா ஆள் மூலம்தான் சொல்லி அனுப்புவார். என் காதில் சொல்வார், நான் ஓடிப்போய்க் கூடி நிற்கும் பத்துப் பேரிடம் சொல்லி, அந்த ஒன்றை மட்டும் ஆடிவிட்டுத் திரும்புவேன், அடுத்ததை வேறொருவன் கொண்டுபோவான். ஹெல்மெட் போட்ட தபால்காரன் என்று வைத்துக்கொள். சீசன் முழுக்க ஒரு தபாலும் மாறியதில்லை. என் ஞாபகசக்தி பூட்டிய பெட்டி.

சனிக்கிழமை எல்ம் ஃபோர்க் கல்லூரியோடு ஒன்பதாவது, கடைசி ஆட்டம். நாற்பது விநாடி பாக்கி, நான்கு புள்ளி பின்தங்கியிருக்கிறோம், கடைசி வாய்ப்பு. அப்பா என் ஹெல்மெட்டைப் பிடித்து இழுத்துச் சொன்னார், ஓடினேன், சொன்னேன். பந்து வீசுகிற கென்ட் என்னையே பார்த்தான். "டேய், கோச்சா இதைச் சொன்னாரு? சத்தியமா?" சத்தியமா என்றேன். எல்லாரும் வரிசையில் நின்றதும் கென்ட் தன் இடத்தை விட்டு, இரண்டு கையையும் விரித்துக்கொண்டு பெஞ்சைப் பார்த்து நடக்க ஆரம்பித்தான். "என்ன கோச், தப்பா சொல்லிட்டீங்களா?" அப்பா தொப்பியைக் கழற்றித் தரையில் அடித்தார். கழுத்து நரம்பு புடைக்கக் கோட்டு ஓரம்வரை வந்து, "டேய் முட்டாப் பசங்களா, என்னடா பண்றீங்க!" என்று கத்தினார் பார், எல்ம் ஃபோர்க்கின் பதினொரு பேரும் அவரைத் திரும்பிப் பார்த்தார்கள். அந்த விநாடியில் பந்து நேரே எங்கள் ஓட்டக்காரன் வெர்லினின் கைக்குப் போனது. அவன் அதைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு மாட்டுக்கொட்டகை தீப்பிடித்ததுபோல ஓடினான். அவர்கள் இந்தப் பக்கம் திரும்புவதற்குள் எல்லைக்கோட்டைத் தாண்டிவிட்டான், ஆறு புள்ளி, ஜெயம். அம்மா மூன்றாவது வரிசையிலிருந்து குதித்தது அப்போதுதான். "ஜெயிச்சதுக்குக் கை போனா போகட்டும்னு எழுது" என்கிறாள்.

ஊர்ப் பத்திரிகை அப்பாவின் நடிப்பைப் பாதிப் பக்கத்துக்குப் புகழ்ந்திருக்கிறது. முடிவெட்டும் கடையில் "நடிகர் வராரு, நாற்காலி போடுங்கப்பா" என்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை கல்லூரித் தலைவரே வந்து, அம்மாவின் பீன்ஸ்-இறைச்சிச் சில்லியை இரண்டு கிண்ணம் சாப்பிட்டுவிட்டு, அணி தொடரும் என்று சொல்லிப் போனார். ஆக, வீடும் தப்பியது. அந்தத் தபாலைச் சுமந்துபோனவன் யார் என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை. நீயாவது கேள்.

அம்மா சொல்கிறாள்: அடுத்த வாரம் நன்றித் திருநாளுக்குப் பூசணிப் பை அனுப்ப முடியாது, கை சரியானதும் இரண்டாக அனுப்புகிறேன். தனியாகச் சாப்பிடாதே, யாரையாவது கூப்பிட்டுக்கொள். கடவுள் உன்னைக் குளிரிலிருந்தும் எங்களை லைலிடமிருந்தும் காப்பாற்றட்டும். திருநாள் வியாழக்கிழமை போன் பண்ண மறக்காதே.

இடது கையால்,
உன் அம்மா

பி.கு.: கிறுக்கலாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு அம்மா அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள். இது உனக்கு மட்டும். பூட்டிய பெட்டி என்றேனே, அது பாதி மைதானத்தில் திறந்து கொட்டிவிட்டது. அப்பா என்ன சொன்னார் என்பது சுத்தமாக மறந்துபோய், பத்துப் பேரும் என் வாயையே பார்க்க, பயிற்சி முடிந்ததும் அப்பாவைக் கேலிசெய்ய நாங்கள் ஆடும் கோமாளி ஆட்டம்தான் நினைவுக்கு வந்தது. ஒருவன் கையை விரித்துக்கொண்டு கோச்சிடம் கேட்கப் போவான், கோச் கத்துவார், இன்னொருவன் பந்தோடு ஓடுவான்; அதைச் சொல்லிவிட்டேன். அப்பா நடிக்கவே இல்லை அக்கா, நிஜமாகவே என்னைக் கொல்ல வந்தார். அம்மாவுக்குக் கட்டுப் போடும்போது ஆஸ்பத்திரி பெஞ்சில் மெதுவாகக் கேட்டார், "நான் உன்கிட்ட என்னடா சொல்லி அனுப்பினேன்?" ஞாபகம் இல்லப்பா என்றேன். தொப்பியை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டார். அப்புறம் சொன்னார், "அடுத்த வருஷம் சீட்டுல எழுதி உன் கழுத்துல கட்டி அனுப்பறேன்."