ஜெவிதாங்கற பேரு வந்த வழி

ஏனம்மணி ஜெவிதா, எப்படி இருக்கறே கண்ணு? மாப்பிள்ளையும் குட்டியும் சளி காச்சல் ஒண்ணும் இல்லாம இருக்காங்களா? நியூசிலாந்துல இப்பக் குளுருகாலம்னு சொன்னே, காதுக்குத் துணி கட்டாம டியூட்டிக்குப் போயிராதே. இங்க நாங்க சௌக்கியம்னு எழுதிப்போட்டுத்தான் மத்தது எழுதோணும்ங்கறா உங்கம்மா, அதனால சௌக்கியம். முட்டி ரண்டும்தான் எந்திரிச்சா உக்காரச் சொல்லுது, உக்காந்தா எந்திரிக்க உடறதில்லை. நான் சொல்லச் சொல்ல அவதான் எழுதறா, எனக்குக் கையெழுத்துக்கு மேல தெரியாதுன்னு உனக்குத் தெரியும். போன்ல சொல்லலாம்னா தோட்டத்துல தண்ணிக்குப் போர் போடற வண்டி ஓடுது, ரண்டு நாளா ஊட்டுக்குள்ள பேசறதே காதுல உழுகறதில்லை. எழுதி முடிச்சதும் போட்டோ புடிச்சு அனுப்பறாளாம்.

போன ஞாயித்துக்கிழமை நீ கேட்ட கேள்விக்குத்தான் இது. அந்த நாட்டுக் குடியுரிமைக்கு வெள்ளிக்கிழமை காயிதம் குடுக்கறயாம், பேரை மாத்தறதுன்னா அதுலயே மாத்திக்கலாமாம், நந்திதான்னு வெச்சுக்கறேன் அதுக்கு ஒரு அர்த்தமாச்சும் இருக்குதுன்னு சொன்னே. உன்ற பேருக்கு நெட்டுல ஒரு எடத்துல ஒளின்னு போட்டிருக்குது, ஒரு எடத்துல வெற்றின்னு போட்டிருக்குது, இன்னொருத்தன் ஆம்பளைப் பேருன்னே போட்டுட்டான்னே. நான் சின்னதுல உனக்குத் தாமரைன்னு சொல்லி வெச்சேன், அதை நம்பி மூணாவது படிக்கறப்ப நோட்டு அட்டை பூரா தாமரைப்பூவா வரைஞ்சு வெச்சிருந்தே. எங்கயும் தாமரை இல்லையேப்பா, எதுக்குப்பா பொய் சொன்னீங்கன்னு கேட்டே. நான் சிக்னல் இல்லைன்னு வெச்சுப்போட்டேன். சிக்னல் நல்லாத்தான் இருந்துச்சு.

நீ வயித்துல ஏழு மாசம் அப்ப. அந்த வருசம் கிணத்துல தவளைகூட இல்லை. ரண்டு போர் போட்டு ரண்டுலயும் வெறும் புழுதி. காரமடைப் பக்கமிருந்து நீரோட்டம் பாக்க ஒருத்தர் வருவாரு, உள்ளங்கையில தேங்காயைப் படுக்க வெச்சுக்கிட்டு நடப்பாரு, தேங்காய் நிமுந்து நின்னா அடியில தண்ணி. நம்ம தோட்டத்துல அவருக்குத் தேங்காய் நிக்காத எடமே இல்லை. கடைசியில அது சட்னிக்குத்தான் ஆச்சுன்னு உங்கம்மா இன்னிக்கும் சொல்லிக்காட்டுவா. இதை எதுக்கு எழுதறதுங்கறா, எழுது புள்ளே. அதுக்கப்பறம் மூணாவதா திருச்செங்கோட்டுல இருந்து ஒரு பச்சை வண்டி வந்துச்சு. நெத்தியில பெருசா என்னமோ எழுதியிருந்துச்சு, எனக்கு எங்க படிக்கத் தெரியும். டிரில்லர் பேரு மாதேசு. உடம்பு பூரா கல்லுமாவு, கண்ணு ரண்டு மட்டும்தான் கருப்பு. நானூறு அடின்னு பேச்சு. நானூறுலயும் மாவுதான் பறக்குது. என்ற கையில இருந்த காசு அவ்வளவுதான், நிறுத்திப்போடுங்கன்னு சொல்லிப்போட்டு வரப்புல உக்காந்துட்டேன். உங்கம்மா வயித்தைப் புடிச்சுக்கிட்டு மோர்ச்சொம்போட நிக்கறா. மாதேசு அவளைப் பாத்தாப்ல, என்னையப் பாத்தாப்ல, மோரைக் குடிச்சுப்போட்டு, ஏனுங்ணா இது எங்க மொதலாளி பாப்பா பேர்ல ஓடற வண்டிங்க, பாப்பா பேர்ல ஒரு ராடு சும்மா எறக்கறேன், வந்தா உங்க ராசி வராட்டி எங்க நேரம்னாப்ல. ஒரு ராடுன்னா இருவது அடி இரும்புக் கொழாய்.

பாதி ராடு எறங்கலை, பறந்த மாவு நனைஞ்சு சேறாட்டம் உழுந்துச்சு. அப்பறம் தென்னை மர ஒசரத்துக்குத் தண்ணி. உங்கம்மா தலையோட நனைஞ்சு நிக்கறா, சிரிக்கறாளா அழுகறாளான்னு தெரியலை. அப்ப நீ வயித்துல ஒதைச்சேன்னு உங்கம்மா சொல்லுவா, அது அவளாச் சேத்துக்கறது. வண்டியைக் கழட்டறப்பத்தான் அந்தப் பாப்பா பேரு என்னங்கன்னு கேட்டேன், ஜெவிதாங்கன்னாப்ல. என்ன அர்த்தமுங்கன்னேன். அர்த்தமெல்லாம் இல்லீங்ணா, மொதலாளி பேர்ல கொஞ்சம் அவரு சம்சாரம் பேர்ல கொஞ்சம் கிள்ளிச் சேத்து வெச்சதுங்க, வேற ஆருக்கும் இல்லாத பேரா இருக்கோணும்னு வெச்சாருங்கன்னாப்ல. ஆருக்கும் இல்லாத பேரை நான் உனக்கு வெச்சுப்போட்டேன். பேரு வெக்கற அன்னிக்கு உங்க பெரியப்பன் ஒறம்பரைச் சனம் மொத்தமும் கேக்கறாப்ல, லாரிப் பேரைப் புள்ளைக்கு வெக்கறானே, அடுத்தது பையன் பொறந்தா டிராக்டர் பேரான்னு சிரிச்சாரு. எனக்கு வெக்கமாப் போச்சு. நாளைக்கு உன்னையும் பள்ளிக்கூடத்துல சிரிப்பாங்கன்னுதான் நீ கேட்டப்ப தாமரைன்னு சொல்லிப்போட்டேன். எனக்குத் தெரிஞ்ச அர்த்தம் இது ஒண்ணுதான் கண்ணு, போதும்னு உக்காந்ததுக்கு அப்பறம் எறங்குன ராடு. நெட்டுல இதை ஆரும் போட்டிருக்க மாட்டாங்க.

அந்தப் போர்தான் உன்னையப் படிக்க வெச்சுது, தோட்டத்துக் கருவேப்பிலைக்கும் முப்பது வருசம் தண்ணி குடுத்துச்சு. இந்தச் சித்திரையில நின்னுபோச்சு. மலையில மழைங்கறாங்க, இங்க காத்துதான். எலையெல்லாம் சுருண்டுபோச்சு, கேரளாவுக்கு எலை ஏத்தற வண்டி நம்ம தடத்துக்கு வந்து ஒரு மாசமாச்சு. இப்ப ஓடறது வேற கம்பெனி வண்டி, ஆயிரத்து எரநூறு அடின்னு பேச்சு, காலைல ஆயிரத்து நூறைத் தாண்டியும் புழுதிதான். இதோட போதும்னு நானும் உங்கம்மாவும் பேசி வெச்சிருக்கோம். வரலைன்னா மாப்பிள்ளை சொன்னாப்ல தோட்டத்தைச் சைட்டு போட்டு விக்கறவங்களுக்குக் குடுத்துப்போட்டு டவுனுக்குள்ள கணபதியில ஒரு சின்ன ஊடு பாத்துக்கலாம்னு இருக்கறோம். எனக்கும் ஆகறதில்லை அம்மணி, அலுப்பா இருக்குது. பேரை மாத்தறதுன்னா மாத்திக்க. வருத்தமில்லைன்னு சொன்னா அது ரண்டாவது பொய்யாப் போயிரும், ஆனாலும் மாத்திக்க. அந்தக் காயிதத்துல நீ எந்தப் பேரை எழுதுனாலும் எங்களுக்கு நீ

கண்ணு, அம்மா எழுதறேன். பேசுன அடி முடிஞ்சுதாம், நிறுத்திக்கலாமுங்களான்னு டிரில்லர் வந்து கூப்புட்டாரு. முட்டி வலின்னவரு செருப்புகூடப் போடாம எந்திரிச்சுப் போறாரு. அவரு சொன்னது எல்லாம் நெசம், ஒண்ணைத் தவிர. நீ ஒதைச்சே, நான் சேத்துக்கலை. மகராசியா இரு. குட்டிக்கு ராத்திரியில தயிர் குடுக்காதே. வெள்ளிக்கிழமைக்கு முன்னால இதை முழுசாப் படிச்சுப்போடு, பாதியில வெச்சராதே. வண்டிச் சத்தம் நின்னுபோச்சு, இப்பத்தான் ரண்டு நாளைக்கப்பறம் காக்கா கத்தறது கேக்குது. உங்கப்பா அங்கிருந்து என்னமோ சத்தம் போடறாரு. உன்ற பேரைத்தான் சொல்றாரு. ஜெவிதா பேர்ல இன்னும் ஒரு ராடு எறக்குங்கங்கறாரு. வண்டி மறுபடி ஓட ஆரம்பிச்சிருச்சு.

உன்ற அம்மா,
ராமாமணி