ஹெராத் தட்டில் வழிந்த பால்

9 ஜன. 86
பனி. குளிர் என்று ஜன்னலைத் திறக்காமல் தூளுக்குக் காய்ந்த செத்தல் மிளகாய் வறுத்தேன். மடத்தனம். மாடி முழுக்க இருமல். அகதி விடுதிப் பொறுப்பாளர் அம்மா, பிராவ் கெல்லர், கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்து பொதுச் சமையலறையைப் பூட்டிவிட்டார். பொங்கல் 14இல். என்ர மனுசன், தாலி கட்டினவர்: "வறுக்க முதல் யோசிச்சிருக்கலாம்." தூள் என்னவோ நல்ல வாசம்.

10 ஜன.
அதிகம் இருமியவர் எதிர் அறை ரஹீம். ஆப்கானிஸ்தான், ஹெராத். மன்னிப்புக் கேட்கப் போனேன். தேநீர், சீனிக்கட்டி தனியாக. பனங்கட்டி கடிப்பதுபோல் கடித்துக் குடித்தேன். அவருக்குப் பெரிய சந்தோஷம். இங்கே எல்லோரும் போட்டுக் கலக்குகிறார்களாம்.
இரண்டு பேருக்கும் அரைகுறை ஜெர்மன். அவருடைய முன்னோர் ஒட்டகத்தில் பாரசீகம் வரை வியாபாரம். எங்கள் பக்கத்து ஏலக்காயும் அதில் போனதாம். அவர் அதே பாதையில் லொறியில், மூட்டைகளுக்குக் கீழே ஒளிந்து வந்தவர். நாங்கள் விமானத்தில் கிழக்கு பேர்லின், பிறகு ரயிலில் இந்த மேற்குப் பக்கம். சொல்ல வெட்கமாக இருந்தது.

12 ஜன.
ரஹீம் பிராவ் கெல்லரிடம் எனக்காகப் பேசினார். பொங்கலன்று காலை திறப்பார். மிளகாய் கூடாது, அடுப்பில் ஒரு சொட்டும் சிந்தக் கூடாது. சிந்தினால் மாதம் முழுக்கப் பூட்டு. ரஹீம் பொறுப்பு. தலையாட்டிவிட்டு வந்தேன். பிறகுதான் உறைத்தது. வழியாமல் என்ன பொங்கல்?
மனுசன்: "பாலைக் குறைச்சு விடும்." என்ன பேச்சு.
வாங்க: அரிசி, பயறு, பால். ஏலக்காயும் பிளம்ஸும் (உலர்ந்த திராட்சை) ரஹீம் தருகிறார்.

14 ஜன.
வெயில். பால் எழும்பியது. ரஹீம் பாய்ந்து பானையைத் தூக்கிவிட்டார். பாவம், வாக்குக் கொடுத்தவர். "வையுங்கோ, வழிய வேணும்" என்று தமிழில் கத்தினேன். மனுசன் ஜெர்மனில் விளக்கினார். ரஹீம் என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டு அறைக்குப் போனார். லொறியில் கூடவே வந்த விளிம்பு வைத்த பெரிய செம்புத் தட்டோடு வந்தார். அடுப்பில் தட்டு, தட்டில் பானை. சூடேற ஒரு யுகம். பிராவ் கெல்லரும் வந்து கைகட்டி நின்றார்.
வழிந்தது. கிழக்குப் பக்கம், தட்டுக்குள். அடுப்பில் ஒரு சொட்டு இல்லை. பிராவ் கெல்லர் சமையலறைச் சாவியை மேசையில் வைத்துவிட்டு இரண்டாம் தரமும் பொங்கல் கேட்டு வாங்கினார்.
கிழக்கே வழிந்தால் நல்லது என்று ரஹீமிடம் சொன்னேன். "அப்ப ஹெராத் பக்கம்" என்றார். "எங்கட பக்கமும் அதுதான்" என்றார் மனுசன்.
அடுத்த வருஷமும் தட்டு வேண்டும் என்று இப்போதே கேட்டு வைத்தேன்.
"ஓம்" என்று தலையாட்டினார் ரஹீம், தமிழில்.